அர்மெல் எடுக்காத கடைசிக் காட்சி

1

இந்தக் கதையை நான் தேடிப் போகவில்லை. அது என் பக்கத்து இருக்கையிலிருந்து எழுந்து நின்று கத்தியது.

பிரான்ஸின் பிரெத்தாஞ் கடற்கரையில், துவார்னெனே ஊரில், துறைமுகத்துக்கு மேலே இருக்கும் சின்னத் திரையரங்கு. ஞாயிறு மதியக் காட்சி. திரையில் அர்மெல் கெர்தோனின் முதல் படமான ‘உலராத கைகள்’ முடியப்போகிறது. ஊர்க்காரி என்பதால் நகராட்சியே அவளுக்கு விழா எடுத்திருந்தது. கல்யாண உடையில் இருந்த கதாநாயகி படகுத்துறையை நோக்கி ஓடத் தொடங்கினாள். வயலின்கள் எழுந்தன. அர்மெலும் எழுந்தாள்.

“நிறுத்துங்க! விளக்கைப் போடுங்க. இது என் படம் இல்ல!”

நான் அவளுடைய படத்தொகுப்பாளர். காரைக்காலில் பிறந்து, வாழ்வின் பெரும்பகுதியைப் பாரிஸில் இருட்டறைகளில் கழித்தவள். அடுத்தவர் எடுத்ததை வெட்டி ஒட்டுவதுதான் என் பிழைப்பு. சொந்தமாக எதையும் தொடங்கிப் பழக்கமில்லை. ஆனால் அன்று அரங்கில் விளக்கு எரிந்தபோது இருநூறு முகங்கள் அவளைத் திரும்பிப் பார்த்த விதத்தை யாராவது எழுத வேண்டும் என்று தோன்றியது. பக்கத்தில் என்னைத் தவிர யாரும் இல்லை.

அரங்குக்குத் திரும்பி வருவோம். அதற்கு முன் அவள் ஏன் எழுந்தாள் என்பது உங்களுக்குத் தெரிய வேண்டும்.

2

எழுதிப் பார்த்த தொடக்கங்கள்:

‘கடல் சாம்பல் நிறத்தில் இருந்தது. மத்தி பிடிக்கும் படகுகள் ஒவ்வொன்றாக—’

(வேண்டாம். கடலில் தொடங்கும் படத்தை அர்மெல் இரண்டாம் நிமிடம் அணைத்துவிடுவாள்.)

‘போர்க்காலத்தில் பிரெத்தாஞ் கடற்கரையில் பிறந்த இந்தப் பெண், பின்னாளில் ஐந்து படங்களையும் இரண்டு நாவல்களையும்—’

(இது இரங்கல் குறிப்பு. அவள் உயிரோடு இருக்கிறாள். நேற்றுகூடத் திட்டினாள்.)

‘அர்மெலின் அம்மா ரொட்டியை வெறுங்கையால் தொடமாட்டாள்.’

இது இருக்கட்டும்.

அம்மா பெயர் பெரின். மத்தி மீனை டப்பாவில் அடைக்கும் தொழிற்சாலையில் வேலை. தலையைக் கிள்ளி, குடலை உருவி, எண்ணெயில் பொரித்து, டப்பாவில் வரிசையாகப் படுக்க வைக்க வேண்டும். சோப்பு, எலுமிச்சை, மணல் எதைப் போட்டுத் தேய்த்தாலும் கையிலிருந்து அந்த வாடை போகாது. அதனால் சாப்பிடும்போது மேலங்கியின் முனையால் ரொட்டியைப் பிடித்துக்கொள்வாள்.

“நீ என்ன ராணியாம்மா? துணியால பிடிச்சுத் திங்கறே?” என்று குட்டி அர்மெல் கேட்டாளாம்.

“ராணிதான்டி. மீனுக்கெல்லாம் ராணி. வெறுங்கையால தொட்டா ரொட்டியும் மீனாயிடும்.”

அர்மெல் இதைச் சொல்லும்போது சிரிப்பாள். நானும் சிரித்திருக்கிறேன். எழுதும்போது சிரிப்பு வரவில்லை.*

(* ஒரு குறிப்பு. பிரெஞ்சில் இந்தத் தொல்லை கிடையாது. தமிழில் எழுத உட்கார்ந்ததும் ‘அவள்’ என்பதா ‘அவர்’ என்பதா என்று கை நின்றுவிட்டது. எழுபத்தெட்டு வயது, விருதெல்லாம் வாங்கியவர். விளக்கிச் சொல்லி அவளிடமே கேட்டேன். “படம் எடுத்தப்ப எவனும் மரியாதை குடுக்கல. இப்ப எழுத்துல எதுக்கு? சின்னதைப் போடு” என்றாள். எனவே அவள்.)

3

பதினெட்டு வயதில் பாரிஸுக்கு ரயில் ஏறினாள். தட்டச்சு தெரியும். அதை வைத்துப் படப்பிடிப்புகளில் தொடர்ச்சி பார்க்கும் வேலைக்குள் நுழைந்தாள். நாயகன் எந்தக் கையில் கோப்பை பிடித்திருந்தான், சிகரெட் எவ்வளவு எரிந்திருந்தது என்று குறித்துக்கொள்ளும் வேலை. அறுபதுகளில் ஒரு படப்பிடிப்புத் தளத்தில் பெண்களுக்கு இருந்த இடங்கள் மூன்று: கேமராவுக்கு முன்னால், சீப்போடு பின்னால், குறிப்பேட்டோடு ஓரத்தில்.

ஒருநாள் மதியச் சாப்பாட்டின்போது, தனக்கும் ஒரு படம் எடுக்க ஆசை என்று சொல்லிவிட்டாள். மேஜையில் எல்லோரும் கரண்டியைக் கீழே வைத்தார்கள். இயக்குநர் கேட்டார்:

“எடு, எடு. அதுக்கு யாரைக் கட்டிக்கப்போறே? கேமராமேனையா?”

“கேமராமேனை இல்ல மொசியே. கேமராவை.”

அந்தப் படம் முடிந்தபின் அவர் அவளை மறுபடி கூப்பிடவில்லை.

அப்போது அவளோடு ஒரே அறையில் தங்கியிருந்தவள் சொலான்ஜ். நாடகங்களில் பணிப்பெண்ணாக வந்து “வண்டி தயார்” என்று சொல்லிவிட்டுப் போகும் நடிகை. இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரே ஒரு நல்ல குளிர்கோட்டு. வேலை கேட்டுப் போகிறவள் மாட்டிக்கொள்வாள், மற்றவள் போர்வைக்குள் இருப்பாள். கோட்டு இல்லாத நாட்களில்தான் அர்மெல் தன் முதல் திரைக்கதையை எழுதினாள். தொழிற்சாலைப் பெண் சொவாசிக், அவளைக் கட்டிக்கொள்ள நினைக்கும் மேஸ்திரி, ஒரு வேலைநிறுத்தம். சொவாசிக்கின் நடை, சிரிப்பு, கோபம் வந்தால் மூக்கைத் தேய்க்கும் பழக்கம் எல்லாமே சொலான்ஜுடையவை.

“என்னை எழுதி வெச்சிருக்கேடி!” என்று சொலான்ஜ் குதித்தாளாம்.

“உன்னை இல்ல. உன் மூக்கை மட்டும்.”

4

தயாரிப்பாளர் ஷாஸ்தெலைக் கெட்டவனாக எழுதுவது சுலபம். சுருட்டும் தொப்பையும் கொடுத்தால் போதும். கொடுத்துப் பார்த்தேன், பொய்யாக இருந்தது. ஒல்லியான மனிதர். பிறர் வீட்டுக் கல்யாணத்திலும் கண் கலங்குகிறவர். அந்தத் திரைக்கதையை முழுதாகப் படித்த ஒரே தயாரிப்பாளர் அவர்தான். கடைசிப் பக்கம் தவிர எல்லாம் பிடித்திருந்தது.

“கல்யாண நாள்ல பொண்ணு, கல்யாணம் பதியற நகராட்சி மண்டபத்துலேர்ந்து வெளிய வர்றா. சரி. மாப்பிள்ளை மேஸ்திரியை விட்டுட்டு வர்றா. அதுவும் சரி. நேரா ரொட்டிக் கடைக்குப் போறாளே, எதுக்கு?”

“பசிக்குது.”

“ரொட்டியோட முனையைப் பிச்சுத் தின்னுக்கிட்டே நடக்கறா. படம் முடியுது. ஜனங்க டிக்கெட் வாங்கிட்டு வந்து ஒருத்தி ரொட்டி திங்கறதையா பாக்கணும்?”

“வெறுங்கையால திங்கறா மொசியே. எங்க ஊர்க்காரங்களுக்குப் புரியும்.”

“உங்க ஊர்ல மொத்தமே ஒரு தியேட்டர்தானே இருக்கு!”

சிரித்துக்கொண்டே பணம் போட்டார். சொவாசிக்காகச் சொலான்ஜ் நடிக்க, துவார்னெனேயில் படப்பிடிப்பு நடந்தது. ரொட்டிக் காட்சியைக் கடைசி நாளுக்கு வைத்திருந்தார்கள். அதற்கு முந்தைய வாரம் பெரின் சமையலறையில் மயங்கி விழுந்தாள். அர்மெல் மருத்துவமனையில் கட்டிலருகே உட்கார்ந்துவிட்டாள். ஷாஸ்தெல் பூங்கொத்தோடு வந்து, “அம்மாவைப் பாத்துக்கோங்க. நாங்க பாத்துக்கறோம்” என்றார்.

அவர்கள் பார்த்துக்கொண்டார்கள். மறுநாள் காலை படக்குழு துறைமுகத்துக்குப் போனது. உதவி இயக்குநர் ‘ஆக்‌ஷன்’ சொன்னார். கல்யாண உடையில் சொலான்ஜ் ஓடினாள். படகுத்துறையின் முனையில், அவள் விட்டுவிட்டு வர வேண்டிய அதே மேஸ்திரி கைகளை விரித்துக்கொண்டு நின்றார்.

அம்மாவை அடக்கம் செய்துவிட்டுப் பாரிஸ் திரும்பிய அர்மெல், தொகுப்பறையில் அந்த ரீலை ஓட்டிப் பார்த்தாள்.

(இங்கே அவள் மனம் என்ன பாடுபட்டது என்று ஒரு பெரிய பத்தி எழுதி அழித்துவிட்டேன். அவள் என்னிடம் சொன்னது இவ்வளவுதான்: “கோட்டைக் கழட்டாமலே உக்காந்திருந்தேன். இன்னொரு தடவை ஓட்டுங்கன்னேன். நல்லா எடுத்திருந்தாங்க. அதுதான் தாங்கல.”)

பெயரை எடுத்துவிடக் கேட்டாள். ஒப்பந்தம் இடம் கொடுக்கவில்லை. படம் ஓடியது. அந்தக் கடைசி ஓட்டத்துக்காகவே ஓடியது. விருது மேடையில் அவள், “கடைசி நாலு நிமிஷம் தவிர மீதிக்கு நன்றி” என்றாள். தன்னடக்கம் என்று நினைத்துக் கைதட்டினார்கள்.

சொலான்ஜ் தொலைபேசியில் அழைத்தாள்.

“யார் சொல்லிடி ஓடினே?” என்று கேட்டாள் அர்மெல்.

“யாரும் சொல்லல, நான்—”

அர்மெல் வைத்துவிட்டாள். அதன்பின் ஐம்பது வருடம் இருவரும் பேசவில்லை.

5

சொலான்ஜை என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை. ஒரு வரைவில் அவளைப் பேராசைக்காரி ஆக்கினேன். அந்தப் படத்துக்குப் பிறகு அவளுக்குப் பெரிய வாய்ப்பு எதுவும் வரவில்லை என்ற உண்மை குறுக்கே வந்தது. இன்னொன்றில் பயந்தவள் ஆக்கினேன். கோபம் வந்தால் மூக்கைத் தேய்க்கிற ஒருத்தி அப்படிப் பயந்தவளாகவும் தெரியவில்லை. அவளை நேரில் பார்க்கும்வரை அந்தப் பக்கத்தைக் காலியாக விட்டுவைத்தேன்.

அர்மெலைப் பற்றி அப்படி எந்தக் குழப்பமும் இல்லை. அவள் எளிமையானவள், கருங்கல்லைப் போல. அடுத்த படத்திலிருந்து ஒவ்வோர் ஒப்பந்தத்திலும் ஒரு வரி சேர்த்தாள்: கடைசிக் காட்சியை இயக்குநரைத் தவிர யாரும் எடுக்கவோ வெட்டவோ கூடாது. அந்த வரியைப் பார்த்ததும் தயாரிப்பாளர்கள் தலைவலி என்று எழுந்து போவார்கள். படம் கிடைக்காத வருடங்களில் நாவல் எழுதினாள். “பேப்பருக்குத் தயாரிப்பாளர் வேண்டாம்” என்பாள். மறுபடி தட்டுவாள், மறுபடி ஒரு கதவு திறக்கும். லாரி ஓட்டும் விதவையைப் பற்றி ஒரு படம். தன் மகனுக்கே தண்டனை எழுத வேண்டி வந்த பெண் நீதிபதியைப் பற்றி ஒன்று. எல்லாமே திடீரென்று நின்றுவிடும். ‘கெர்தோனின் படங்கள் முடிவதில்லை, மின்சாரம் போய்விடுகிறது’ என்று ஒரு விமர்சகர் எழுதினார். அதை வெட்டிச் சமையலறைச் சுவரில் ஒட்டி வைத்தாள். விருதுகள் அலமாரிக்கு அடியில் கிடந்தன.

என்னை வேலைக்கு எடுத்தபோது நடந்த நேர்காணல் முழுதும் இதோ:

“வெட்டத் தெரியுமா?”

“தெரியும்.”

“எங்க வெட்டக்கூடாதுன்னு தெரியுமா?”

“தெரியாது.”

“சரி. நாளைக்கு வா.”

6

இப்போது அரங்கு. விளக்கு எரிந்துவிட்டது. துணை மேயரம்மா பதறிக்கொண்டு ஓடி வந்தார்.

“மதாம் கெர்தோன், கொஞ்சம் தண்ணி குடிக்கிறீங்களா?”

“தண்ணி வேண்டாம். மைக் குடுங்க.”

வாங்கிக்கொண்டு சொன்னாள். அம்மாவின் கை, மேலங்கி முனை, ஷாஸ்தெல், மருத்துவமனை, எடுக்கப்படாத ரொட்டி எல்லாவற்றையும். ஷாஸ்தெல் போய்ச் சேர்ந்துவிட்டார், படத்தின் உரிமை கைமாறிக் கைமாறித் தன்னிடமே வந்துவிட்டது, ஆனால் கையில் இருக்கும் பிரதியெல்லாம் அந்த ஓட்டத்தோடுதான் இருக்கிறது என்றாள். மூன்றாம் வரிசையில் கனத்த உடம்போடு ஓர் அம்மாள் எழுந்தாள்.

“நான் அன்னாயிக். அதே மாதிரி தொழிற்சாலைலதான் வேலை பாத்தேன். இந்தப் படத்தை இதே தியேட்டர்ல சின்னப் பொண்ணா பாத்தேன். அவ ஓடறதைப் பாத்துட்டுதான் என் புருஷனுக்குச் சரின்னேன். கடைசிவரைக்கும் நல்லா வெச்சிருந்தான். இப்ப நீங்க வந்து அது தப்பான முடிவுங்கறீங்க. நான் எந்தக் கவுன்ட்டர்ல போய்த் திருப்பிக் குடுக்கறது?”

அரங்கம் சிரித்தது. அர்மெல் மைக்கை மறு கைக்கு மாற்றினாள்.

“உங்க கல்யாணத்துல நான் கை வெக்கல மதாம். என் பொண்ணுக்கு ஒரு ரொட்டி வாங்கித் தரணும். அவ்வளவுதான்.”

“அப்ப வாங்கித் தாங்களேன்! இத்தனை வருஷமா வாயாலயே ஊட்டிட்டிருந்தா அவளுக்கு எப்படி வயிறு ரொம்பும்?”

வெளியே வந்ததும் அர்மெல் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள்.

“பொண்ணே, கேமரா யார்கிட்ட இருக்கு?”

“கேமரா கிடைக்கும். நடிக்கிறது யாரு?”

கொஞ்ச தூரம் நடந்தபின் சொன்னாள்: “கெம்பேருக்கு பஸ் இருக்கான்னு பாரு.”

7

சொலான்ஜ் கெம்பேருக்கு வெளியே கோழிகளோடு ஒரு வீட்டில் இருந்தாள். கதவைத் திறந்து, அர்மெலை மேலும் கீழும் பார்த்தாள்.

“வந்துட்டியா. காலைத் துடைச்சுட்டு வா. தரை கழுவியிருக்கேன்.”

“யார் சொல்லிடி ஓடினே?”

“அம்பது வருஷம் கழிச்சு வந்து முதல் பேச்சு இதுதானா? நல்லா இருக்கியான்னு நீ கேக்கணும், காபி குடிக்கிறியான்னு நான் கேக்கணும்.”

“நல்லா இருக்கியா?”

“இடுப்பு எலும்பை மாத்தியாச்சு. காபி குடிக்கிறியா?”

“குடிக்கிறேன். யார் சொல்லி ஓடினே?”

சொலான்ஜ் மூக்கைத் தேய்த்தாள்.

“யாரும் சொல்லல. அதைத்தான் அன்னைக்கு போன்ல சொல்ல வந்தேன். ஷாஸ்தெல் ரெண்டு முடிவையும் என் முன்னாடி வெச்சு, எது சரின்னு கேட்டான். என்னைக் கேட்டான்டி! நீ கேட்டியா ஒரு நாளாவது? என் நடையை எடுத்துக்கிட்டே, என் சிரிப்பை எடுத்துக்கிட்டே. அவளுக்கு என்ன வேணும்னு என்கிட்ட கேட்டியா? அந்தப் படம் முழுக்க நான்தான் அவளா இருந்தேன். அவளுக்கு அந்த ஆளைப் பிடிச்சிருந்தது.”

“எங்கம்மா செத்துக்கிட்டிருந்தா.”

“தெரியும். தெரிஞ்சுதான் போனேன். அந்த நாள்ல போனது தப்பு. அதுக்கு நீ என்ன வேணா சொல்லு, கேட்டுக்கறேன். ஓடினது தப்பில்ல.”

(கவனியுங்கள்: நான் காலியாக விட்டிருந்த பக்கத்தை அவளே நிரப்பிவிட்டாள். எனக்கு இது பிடிக்கவில்லை. அழுது மன்னிப்புக் கேட்பாள் என்று நினைத்து அதற்கேற்ற வாக்கியங்களைத் தயாராக வைத்திருந்தேன்.)

அர்மெல் காபியைக் கடைசிச் சொட்டுவரை குடித்தாள். வெளியே ஒரு கோழி எதற்கோ கூச்சல் போட்டது.

“ஒரு ரொட்டி திங்கணும். வர்றியா?”

“எந்தக் கடை ரொட்டி?” என்றாள் சொலான்ஜ்.

8

ஒரு மார்ச் மாதக் காலை. தூறல். நகராட்சி மண்டபத்துக்கு எதிரே ரொட்டிக் கடை. கேமராமேன், ஒலிப்பதிவாளர், குடை பிடிக்க நான். கல்யாண உடை இல்லை. சொலான்ஜ் தன் சொந்த மழைக்கோட்டில் வந்தாள். மண்டபத்தின் படியிறங்கி, ரொட்டி வாங்கி, முனையைப் பிய்க்க வேண்டும். கோட்டில் வரும் கிழவியைப் பார்த்து, இவ்வளவு வருடம் கழித்தா இவள் கல்யாணத்திலிருந்து வெளியே வருகிறாள் என்று யாராவது கேட்டால்? “கேக்கட்டும். அவ்வளவு நேரம் ஆச்சு, அதான்” என்றாள் அர்மெல்.

முதல் டேக்கில் சொலான்ஜ் கண் கலங்கினாள்.

“அழுகையெல்லாம் வயலினோட போகட்டும். நீ தின்னு!”

“வாய் காஞ்சு கிடக்கு, எப்படிடி முழுங்கறது?”

“பசிக்கிறவ முழுங்குவா.”

அடுத்த டேக்கில் ஒரு லாரி ஹாரன் அடித்துக் கெடுத்தது. அதற்கடுத்ததில் சரியாக வந்தது. சொலான்ஜ் கடையிலிருந்து வெளியே வந்தாள். ரொட்டியின் முனையைப் பிய்த்தாள். கையுறை இல்லை, துணி இல்லை, காகிதம் இல்லை. நரம்பு புடைத்த கிழட்டுக் கை, சூடான ரொட்டி. மென்றாள். முகத்தில் வெற்றி, சோகம் எதுவும் இல்லை. பசித்தவள் சாப்பிடும் முகம். கேமராவோடு இணைத்த சின்னத் திரைக்கு முன்னால் குனிந்திருந்த அர்மெலின் தாடையும் கூடவே அசைந்தது.

அங்கே ‘கட்’ சொல்லியிருக்க வேண்டும். இன்னும் கொஞ்சம் கிடைக்கட்டும் என்று பொறுத்தாள் போலிருக்கிறது. அதற்குள் சொலான்ஜ் இடதுபக்கம் திரும்பித் துறைமுகத்துச் சரிவில் நடக்கத் தொடங்கினாள். அது திரைக்கதையில் இல்லை.

“எங்கடி போறே?”

“சொவாசிக் போறா. நீ படம் எடு!”

கேமராமேன் அர்மெலைப் பார்த்தான்.

“நிறுத்தாதே” என்று சொல்லிவிட்டு, அவள் குடைக்குள்ளிருந்து வெளியே போனாள். நேராகக் கேமராவின் சட்டகத்துக்குள். வாழ்நாளில் ஒருமுறைகூடத் தன் படத்தில் நிழலாக வந்திராதவள், தலை நனைய நனைய, தோழியின் பின்னால் நடந்தாள். கேமரா இரண்டு முதுகுகளையும் பின்தொடர்ந்தது. ஒலிப்பதிவாளர் கடை வாசலிலேயே நின்றுவிட்டதால் பேச்சு பதிவாகவில்லை. சண்டை போடுகிறார்கள் என்பது தோள்களிலிருந்து தெரிந்தது. சொலான்ஜ் ரொட்டியை நீட்டினாள். அர்மெல் தட்டிவிட்டாள். நடந்தார்கள். மறுபடி நீட்டினாள். பழைய தொழிற்சாலையின் மதில் வளையும் இடத்தில் இருவரும் மறைந்தார்கள்.

9

தொகுப்பறையில் இரண்டு முடிவுகள் தயாரித்தேன். ஒன்று ரொட்டியோடு நிற்கும். இன்னொன்று மதில் வளைவுவரை போகும். அர்மெல் இரண்டையும் பார்த்தாள்.

“நான் எவ்வளவு குண்டா இருக்கேன்!” என்றாள் முதலில். பிறகு, “ரெண்டாவது. முழுசா விடு.”

“உங்க கதை ரொட்டியோட முடியுதே?”

“என் கதை அங்கதான் முடியுது. ஆனா அவ நடந்தாளே. நடந்ததை நான் வெட்டினா எனக்கும் ஷாஸ்தெலுக்கும் என்ன வித்தியாசம்?”

அதே அரங்கில் திரையிட்டார்கள். முதலில் பழைய ஓட்டம், பிறகு விளக்கு, பிறகு புதியது. அன்னாயிக் முன்வரிசைக்கு வந்திருந்தாள். “ரொட்டி நல்லாத்தான் இருக்கு. ஆனா நான் பழசையே வெச்சுக்கறேன்” என்றாள். “வெச்சுக்கோங்க” என்றாள் அர்மெல். இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டுக்கொண்டார்கள்.

எனக்கு மீதி இருந்தது ஒன்றுதான். மதிலுக்கு அப்பால் என்ன நடந்தது?

‘மதிலுக்குப் பின்னால் அர்மெல் நின்றாள். கையை நீட்டினாள். சொலான்ஜ் மீதி ரொட்டியை—’

(இனிப்பு அதிகம்.)

‘மதிலுக்குப் பின்னால் அர்மெல் சொன்னாள்: “உன்னை நான் மன்னிக்கவே போறதில்ல.” சொலான்ஜ் சொன்னாள்: “நான் கேக்கவே—”’

(இதைக் கேட்டால் இரண்டு பேரும் என்னை அடிப்பார்கள்.)

‘மதிலுக்குப் பின்னால் ஒன்றுமே நடக்கவில்லை. மழை—’

இருவரையும் கேட்டுப் பார்த்தேன். “மழையைப் பத்திப் பேசினோம்” என்றாள் அர்மெல். “அவ பொய் சொல்றா” என்றாள் சொலான்ஜ். அதற்கு மேல் இருவரிடமும் வாங்க முடியவில்லை. இப்போது சொலான்ஜ் வீட்டுச் சமையலறையில் இருவரும் சேர்ந்து புதுத் திரைக்கதை ஒன்று எழுதுகிறார்கள். முதல் பக்கத்திலேயே சண்டை என்று கேள்வி.

தான் இல்லாத நேரத்தில் யாரோ ஒரு முடிவைப் போட்டுவிட்டுப் போனதை ஐம்பது வருடம் எதிர்த்து நின்றவளைப் பற்றிய கதை இது. அவளுக்குப் படிக்கத் தெரியாத மொழியில், அவள் இல்லாத அறையில் உட்கார்ந்து, நானும் ஒன்றைப் போட்டுவிட்டுப் போக வேண்டுமா? மாட்டேன்.

ஆகவே நான் வெட்டுகிற இடம் இது: மதில் வளைவு, தூறல், இரண்டு முதுகுகள். அதற்கப்பால் வாசகரே, உங்களுடையது—

இல்லை. அந்த வாக்கியத்தைத் திரும்பப் பெறுகிறேன். அதற்கப்பால் அவர்களுடையது.